கிரேக்க நாட்டுச் செடிகொடிகள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஏதென்ஸில் குடியேறி ஒன்பது வருஷம் ஆகிறது. ஊரிலிருந்து சொந்தக்காரர்களோ நண்பர்களோ வந்தால் அக்ரோபோலிஸ் பார்த்த கையோடு பக்கத்திலிருக்கும் ஹிமெட்டோஸ் மலைக்கும் கூட்டிப்போவேன். அங்கே நடக்கும்போது எல்லாரும் ஏறக்குறைய ஒரே கேள்விகளைத்தான் கேட்கிறார்கள், திரும்பிப் போன பிறகு தொலைபேசியிலும் அதே கேள்விகள். அவர்கள் கேட்டபடியே கேள்விகளைப் போட்டு, எனக்குத் தெரிந்த பதிலைக் கீழே எழுதியிருக்கிறேன்.

ஆகஸ்ட்ல வந்தோம், மலையெல்லாம் பழுப்பா காய்ஞ்சு கிடந்துச்சு. இந்த நாட்டுல செடியே கிடையாதா?

நீங்கள் வந்தது செடிகள் தூங்குகிற நேரம். இங்கே மழை பெய்வது குளிர்காலத்தில், அக்டோபரில் ஆரம்பித்து ஏப்ரல் வரை. ஏதென்ஸில் வருஷம் முழுக்கச் சேர்ந்தே சுமார் 400 மில்லிமீட்டர்தான், அதிலும் ஜூலை ஆகஸ்டில் ஒரு சொட்டுகூட விழாமல் போகிற வருஷங்கள் உண்டு. வெயில் கொளுத்தும்போது தண்ணீர் கிடையாது, தண்ணீர் இருக்கும்போது குளிர். நம் ஊர்ச் செடிக்குச் சூடும் மழையும் பல மாதம் ஒன்றாகவே கிடைக்கும், இங்கே அந்தக் கொடுப்பினை இல்லை. அதனால் இங்குள்ள செடி அக்டோபர் மழைக்குத் துளிர்த்து, குளிர்காலம் முழுக்கப் பச்சையாக இருந்து, மார்ச் முதல் மே வரை பூத்துக் காய்த்து, ஜூனில் கடையைக் கட்டிவிடும். இந்த ஒன்றை மனதில் வைத்துக்கொண்டால் கீழே வரும் பாதிக் கேள்விகளுக்குப் பதில் நீங்களே சொல்லிவிடுவீர்கள்.

செடியே இல்லையா என்றால், பரப்பளவில் கிரீஸ் கிட்டத்தட்ட தமிழ்நாடு அளவுதான், அதற்குள் 5,700க்கும் மேற்பட்ட செடியினங்களைக் கணக்கெடுத்திருக்கிறார்கள். அவற்றில் ஐந்தில் ஒரு பங்குக்கு மேல் உலகத்தில் வேறெங்குமே இல்லாதவை. காரணம் மலைகளும் தீவுகளும். ஒரு தீவில், ஒரு செங்குத்துப் பாறையில் மாட்டிக்கொண்ட செடி பக்கத்துத் தீவுச் செடியோடு கலக்க வழியில்லாமல் ஆயிரக்கணக்கான வருஷங்களில் தனி இனமாகவே மாறிவிடும். கிரீட் தீவில் இது அதிகம்.

மலையில இருக்கிறது வெறும் முள்ளுப் புதர்தானே, அதுக்கெல்லாம் பேரு இருக்கா?

இருக்கிறது. முழங்கால் உயரத்துக்கு உருண்டை உருண்டையாக, நடுவில் கல் தெரிய இடைவெளி விட்டு வளர்ந்திருக்கும் புதர்க்காட்டுக்கு இங்கே ஃப்ரிகனா என்று பெயர். காட்டுத் தைம், சிஸ்டஸ், அஃபானா என்று அழைக்கிற முள்செடி எல்லாம் இதில் சேர்த்தி. ஆள் உயரத்துக்கும் மேலே தோல் போன்ற தடித்த இலையோடு நெருக்கமாக வளர்ந்தால் அது மாக்கி. பூர்னாரி என்கிற சிறு ஓக், காட்டு ஆலிவ், கரோப், செம்பழம் பழுக்கும் கூமரியா ஆகியவை அங்கே இருக்கும். ஆடு மேய்ச்சலும் தீயும் அதிகமான இடத்தில் மாக்கி தேய்ந்து ஃப்ரிகனா ஆவதும், சும்மா விட்டால் மறுபடி உயர்ந்து வருவதும் நடக்கும்.

அஃபானாவை ஒரு தடவை பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள். ஜனவரியில் மெத்தென்ற பெரிய இலையாக விட்டிருக்கும். மே கடைசியில் அந்த இலைகளை உதிர்த்துவிட்டு, அதே கிளையில் அரிசி மணி அளவுக்கு இன்னொரு செட் இலை விடும், வெயிலைத் தாங்குவதற்கென்றே சிறிதாக. ஒரே செடி வருஷத்துக்கு இரண்டு உடுப்பு மாற்றுகிறது. இதைத் தெரிந்துகொண்ட பிறகு அதை வெறும் முள்ளுப் புதர் என்று சொல்ல எனக்கு வாய் வருவதில்லை.

எந்த இலையைக் கசக்கினாலும் வாசனை அடிக்குதே, ஏன்? ஓரிகானோங்கிறது நம்ம ஓமவல்லிதானே?

அந்த வாசனை இலையில் இருக்கும் எண்ணெயிலிருந்து வருவது. கோடையில் மெதுவாக வளர்கிற செடிக்கு ஒவ்வோர் இலையும் சொத்து மாதிரி, ஆடோ பூச்சியோ தின்றுவிட்டால் திரும்ப விடத் தண்ணீர் இல்லை. வாயில் வைத்ததும் சுரீரென்று எரிகிற எண்ணெய் இருந்தால் மேய்கிறது கொஞ்சம் யோசிக்கும். முள்ளும் அதே வேலைக்குத்தான்.

ஓரிகானோவும் ஓமவல்லியும் வேறு வேறு செடிகள், ஆனால் துளசி, புதினாவோடு ஒரே குடும்பம். இரண்டிலும் கார்வக்ரால் என்ற பொருள் இருப்பதால் வாசனை ஒன்று போலத் தெரிகிறது. நம் ஓமத்தில் இருக்கும் தைமால் இங்குள்ள தைம் செடியிலும் இருக்கிறது, ஆனால் ஓமம் வேறு குடும்பம், கொத்தமல்லி பக்கம். உங்கள் மூக்கு சொன்னது சரி, உறவு மட்டும்தான் கொஞ்சம் தூரம்.

கிரீட்டில் டிக்டமோ என்று ஒரு செடி இருக்கிறது, ஓரிகானோவின் நெருங்கிய சொந்தம். வெள்ளைக் கம்பளி போர்த்தின மாதிரி வட்ட இலை, தொட்டால் பூனைக் காது போல இருக்கும். காட்டில் அது கிரீட் தீவைத் தவிர வேறெங்கும் கிடையாது. பாறை இடுக்கில் தொங்கும் அதைப் பறிக்கப் போய் விழுந்து செத்தவர்களைப் பற்றிக் கதை கதையாகச் சொல்வார்கள். இப்போது வயலில் பயிரிடுகிறார்கள், கடையில் கிடைப்பது அதுதான்.

ஆலிவ் காயை மரத்துல இருந்து பறிச்சு அப்படியே தின்னலாமா?

ஒரே ஒரு தடவை செய்து பார்ப்பீர்கள், அப்புறம் செய்ய மாட்டீர்கள். ஒலியூரோபின் என்ற கசப்புப் பொருள் நாக்கைப் பிடித்துக்கொள்ளும், வாய் கொப்பளித்தாலும் போகாது. உப்புத் தண்ணீரில் வாரக்கணக்கில், மாதக்கணக்கில் ஊறப்போட்டுத்தான் அந்தக் கசப்பை எடுக்கிறார்கள். பச்சை, கறுப்பு என்பது பெரும்பாலும் எப்போது பறித்தது என்பதைப் பொறுத்தது, முற்றும் முன் பறித்தால் பச்சை, பழுத்த பிறகு கறுப்பு. கலமாத்தாவில் ஊறுகாய்க்கென்று ஒரு ரகம், எண்ணெய்க்கு கொரோனேய்கி என்று பொடிக்காய் ரகம். எண்ணெய் ஆட்ட நவம்பரிலிருந்து ஜனவரி வரை அறுவடை, மரத்தடியில் வலையை விரித்துக் கிளையைத் தட்டி உதிர்ப்பார்கள். ஒரு வருஷம் அள்ளிக் கொடுத்த மரம் அடுத்த வருஷம் கை விரிக்கும், நம் மாமரம் போலவே.

இலங்கைக்காரர்கள் சிலர் "இது எங்கள் வெரளிக்காய்தானே" என்பார்கள். சிலோன் ஆலிவ் என்று அதற்கு இங்கிலீஷ்காரர்கள் வைத்த பெயரால் வந்த குழப்பம் அது. வெரளி ருத்திராட்ச மரத்தின் இனம், ஆலிவ் மல்லிகையின் குடும்பம். ஆமாம், மல்லிகைதான். மே மாதம் ஆலிவ் பூக்கும்போது குனிந்து பாருங்கள், பொடிப்பொடியாக நான்கிதழ் வெள்ளைப் பூ. தமிழ் பைபிளில் "ஒலிவ மரம்" என்று படித்திருப்பீர்களே, அது இது.

அப்போ பைபிள்ல வர்ற அத்திமரம்? அது நம்ம அத்தியா?

நம் அத்தி அடிமரத்திலேயே கொத்துக் கொத்தாகக் காய்ப்பது. மத்தியதரைக் கடல் பக்கத்து அத்தி, நம் ஊரில் சீமையத்தி என்கிற, ஐந்து விரல் மாதிரிப் பிரிந்த இலை உள்ள மரம். இரண்டும் ஆலமரத்தின் உறவு, ஆனால் இனம் வேறு.

இதன் மகரந்தச் சேர்க்கையைச் சொல்லாமல் விட மனமில்லை. பூ வெளியே தெரியாது, காய்க்கு உள்ளேயே இருக்கும். கொசு அளவு குளவி ஒன்று காட்டு அத்திக்காய்க்குள் பிறந்து, உடம்பில் மகரந்தத்தோடு வெளியே வந்து, நல்ல அத்திக்காயின் அடி ஓட்டை வழியாக நுழைந்தால்தான் சில ரகங்கள் பழுக்கும். எவியா தீவில் கீமி என்கிற ஊர்ப் பக்கத்து அத்தி அப்படிப்பட்டது. அதனால் ஜூனில் காட்டு அத்திக்காய்களை நாரில் கோத்து மாலை மாதிரி நல்ல மரத்துக் கிளைகளில் தொங்கவிடுவார்கள். இந்தப் பழக்கத்தைப் பற்றி கி.மு. 4ஆம் நூற்றாண்டிலேயே லெஸ்போஸ் தீவுக்காரரான தாவர அறிஞர் தியோப்ராஸ்டஸ் எழுதிவைத்திருக்கிறார். அலெக்சாண்டர் படையோடு இந்தியா போய்வந்தவர்கள் சொன்னதைக் கேட்டு, விழுதூன்றும் நம் ஆலமரத்தையும் வர்ணித்தவர் அவர்தான். அந்தப் பகுதியை முதல் தடவை படித்தபோது எனக்குக் கண் கலங்கியது, இத்தனை தூரத்திலிருந்து நம் மரத்தை ஒருவர் எவ்வளவு கவனமாகக் கேட்டு எழுதியிருக்கிறார்!

தெருவெல்லாம் ஆரஞ்சு தொங்குது, யாருமே பறிக்க மாட்டேங்கிறாங்களே?

அது கசப்பு ஆரஞ்சு. கிரேக்கத்தில் நெராஞ்சி. உரித்து வாயில் போட்டால் புளிப்பும் கசப்பும்தான். சாலை ஓரத்துக்கு இதை நட்டதற்குக் காரணம் பூ. ஏப்ரலில் இரவு எட்டு மணிக்கு ஏதென்ஸ் சந்துகளில் நடந்தால் ஊரே கல்யாண வீடு மாதிரி மணக்கும். காயை வீணாக்குவதும் இல்லை. தோலைப் பட்டையாக உரித்து, சுருட்டி, ஊசிநூலில் கோத்து, கசப்பு போக இரண்டு மூன்று தண்ணீர் மாற்றி வேகவைத்து, பாகில் போடுவார்கள். வீட்டுக்கு யார் போனாலும் ஒரு கரண்டி அதுவும் ஒரு தம்ளர் தண்ணீரும் வரும்.

நெராஞ்சி என்ற பெயரைச் சொல்லிப் பாருங்கள். நம் நாரத்தைதான் அது. திராவிட மொழிச் சொல் சமஸ்கிருதத்துக்கும் பாரசீகத்துக்கும் போய் மேற்கே வந்தது என்பது மொழியியலாளர்கள் பலருடைய கருத்து. இனிப்பு ஆரஞ்சு பின்னால் போர்த்துக்கீசியர் வழியாக வந்ததால் அதற்குப் பெயர் போர்த்தொகாலி.

எங்க ஓட்டல் வாசல்ல வேப்பமரம் பார்த்தேன், ஐரோப்பால வேப்பமரமா?

மலைவேம்பின் இனம் அது. வேம்பின் குடும்பம்தான், ஆனால் வசந்தத்தில் ஊதாப் பூ விட்டு, குளிர்காலத்தில் இலை கொட்டி, மஞ்சள் கோலிக்குண்டுகளாகப் பழம் மட்டும் தொங்கும். ஆசியாவிலிருந்து வந்து நிழலுக்காகத் தெருவில் வைத்தது. பழம் விஷம், பிள்ளைகள் வாயில் வைக்காமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

அரளி மட்டும் இந்த மண்ணுக்கே உரியது. வறண்ட ஓடையில் மேலே தண்ணீர் இல்லாவிட்டாலும் அடியில் ஈரம் இருக்கிற இடமாகப் பார்த்து வரிசையாக ரோஸ் நிறத்தில் பூத்து நிற்கும், தூரத்திலிருந்தே ஓடை எங்கே போகிறது என்று சொல்லிவிடலாம். நெடுஞ்சாலை நடுவில் நட்டு வைத்திருப்பதும் இதுதான். இங்கேயும் இது விஷம் என்று எல்லாருக்கும் தெரியும், பெயரே கசப்பு லாரல் என்று பொருள்படும் பிக்ரோதாஃப்னி.

சப்பாத்திக்கள்ளி, காகிதப்பூ இதெல்லாம் போட்டோல கிரீஸ்னாலே வருதே, அதெல்லாம் இங்கத்து செடிங்கதானே?

ஒன்றுகூட இல்லை. வெள்ளைச் சுவரில் படரும் காகிதப்பூ தென் அமெரிக்கா. சப்பாத்திக்கள்ளியும் ஆனைக்கற்றாழையும் மெக்சிகோ பக்கம். யூகலிப்டஸ் ஆஸ்திரேலியா. சப்பாத்திக்கள்ளிப் பழத்துக்கு இங்கே ஃபிராங்கோசிகோ என்று பெயர், பறங்கி அத்தி என்று அர்த்தம். மேற்கு ஐரோப்பியரைக் குறிக்கும் அதே ஃபிராங்க் என்ற சொல்தான் அரபு, பாரசீகம் சுற்றி நம்மிடம் பறங்கி ஆகி, அமெரிக்காவிலிருந்து வந்த பூசணிக்குப் பறங்கிக்காய் என்று ஒட்டிக்கொண்டது. ஒரே கப்பலில் வந்த சரக்குக்கு இரண்டு ஊர்க்காரர்களும் ஒரே பெயரைத்தான் வைத்திருக்கிறார்கள்.

தக்காளியும் அப்படியே. கிரீக் சாலட் என்று நீங்கள் சாப்பிடுகிற தட்டில் தக்காளியும் குடைமிளகாயும் அமெரிக்கச் சரக்கு. ஏதென்ஸில் முதல் தக்காளிச் செடி 1818இல் ஒரு மடத்துத் தோட்டத்தில் வைக்கப்பட்டதாகச் சொல்கிறார்கள். அதே தட்டில் ஆலிவ், ஓரிகானோ, கேப்பர் மொட்டு மூன்றும் பழைய ஆட்கள்.

வந்ததெல்லாம் தொல்லை இல்லை. தக்காளியால் யாருக்கும் நஷ்டமில்லை. ஆனால் பிப்ரவரியில் ஆலிவ் தோப்புக்கு அடியில் மஞ்சள் கம்பளம் விரித்த மாதிரிப் பூக்கும் புளியாரை தென் ஆப்பிரிக்காவிலிருந்து வந்தது, அது விரிந்த இடத்தில் அனிமோனி என்கிற இந்த ஊர்க் காட்டுப் பூக்கள் தலையெடுக்க முடிவதில்லை. படம் எடுக்க அழகு, எனக்கு அதைப் பார்த்தால் வயிறு எரியும். சீனாவிலிருந்து வந்த ஐலாந்தஸ் மரம் இன்னும் மோசம், நடைபாதை விரிசலிலும் பழங்காலக் கற்சுவர் இடுக்கிலும் வேர் விட்டு, வெட்ட வெட்டப் பத்தாகக் கிளைக்கிறது.

மஸ்தகின்னு ஒரு பிசின் வாங்கிட்டு வரச் சொல்றாங்க, அது எதுல இருந்து வருது?

யூனானி மருந்துக்காரர்கள் ரூமி மஸ்தகி என்பது இதைத்தான். சின்ன மரம், பிஸ்தாவின் சொந்தம். மத்தியதரைக் கடலைச் சுற்றி இந்தப் புதர் எங்கும் வளர்கிறது, மாக்கியில் நீங்கள் தாண்டிப் போயிருப்பீர்கள். ஆனால் விற்கிற அளவுக்குப் பிசின் வடிவது கியோஸ் தீவின் தெற்கு மூலையிலிருக்கும் ஒரு சில கிராமங்களில் மட்டும். அங்கே தலைமுறை தலைமுறையாகப் பொறுக்கி எடுத்து, பதியன் வைத்துக் காப்பாற்றிய ரகம் அது, அந்த இடத்து வறட்சியும் மண்ணும் சேர்ந்துகொள்கின்றன.

ஜூலையில் மரத்தடியைப் பெருக்கி, வெள்ளைச் சுண்ணாம்பு மண்ணைச் சலித்துத் தூவி, வீட்டுத் தரை மாதிரி வழவழப்பாக்கி விடுவார்கள். பிறகு பட்டையில் சின்னச் சின்னக் கீறல். கண்ணீர் மாதிரிச் சொட்டி, இரண்டு மூன்று வாரத்தில் இறுகும், பெயரும் கண்ணீர்தான். பொறுக்கி எடுத்துக் குளிர்காலம் முழுக்கப் பெண்கள் மேசையைச் சுற்றி உட்கார்ந்து, ஒவ்வொரு மணியாகக் கத்தி நுனியால் மண் சுரண்டிச் சுத்தம் செய்வார்கள். விலை ஏன் அவ்வளவு என்று கேட்பவர்கள் அதை ஒரு மணி நேரம் பார்த்தால் போதும். 1938இலிருந்து விவசாயிகளின் சங்கமே வாங்கி விற்கிறது, 2014இல் இந்தச் சாகுபடி முறை யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. வாங்கும்போது கியோஸ் மஸ்தகி என்ற முத்திரையைப் பாருங்கள், இரண்டு மணியை மென்று பாருங்கள், முதலில் பொடியாகி அப்புறம் வெள்ளைப் பசையாக வந்தால் அசல்.

குங்குமப்பூ காஷ்மீர்ல விளையுறதுதானே, கிரீஸ்லயும் விக்கிறாங்களே?

இங்கேயும் விளைகிறது, வடக்கே கொசானி என்ற ஊரைச் சுற்றி. அக்டோபர் கடைசியில் ஊதாப் பூ மலர்ந்ததும் குனிந்து கையால் பறித்து, ஒவ்வொன்றிலும் மூன்று சிவப்பு இழையை உருவி உலர்த்துவது. ஒரு கிலோவுக்கு ஒன்றரை லட்சம் பூ தேவைப்படும்.

காஷ்மீர், ஈரான், கொசானி எல்லா இடத்துக் குங்குமப்பூவும் ஒரே செடியின் நகல்கள். இதற்கு விதையே வராது, கிழங்கைப் பிரித்துத்தான் நட முடியும். அப்படியானால் முதல் செடி எங்கிருந்து வந்தது? 2019இல் வந்த மரபணு ஆய்வுகள் கைகாட்டியது ஏதென்ஸைச் சுற்றியுள்ள அட்டிகா பகுதியை. அதன் காட்டுத் தாய் இப்போதும் இங்கே மலையில் முதல் மழைக்குப் பிறகு பூக்கிறது, நான் நடக்கிற பாதையிலேயே உண்டு. சாண்டொரினி தீவில் எரிமலைச் சாம்பலில் புதைந்துபோன அக்ரோதிரி என்ற ஊரின் சுவரில், 3,500 வருஷத்துக்கு முந்தைய ஓவியத்தில், பெண்கள் இந்தப் பூவைப் பறித்துக் கூடையில் போடுகிறார்கள்.

ரோட்டோரமா கத்தி, பையோட வயசானவங்க என்ன பிடுங்கிட்டு இருக்காங்க?

கீரை. காட்டுக் கீரைகளுக்குப் பொதுவாக ஹோர்தா என்று பெயர். நான் சொன்னேனே, மழை குளிர்காலத்தில் என்று, அதனால் கீரைப் பருவமும் நவம்பர் முதல் மார்ச் வரை. சிக்கரியின் காட்டு இனம், சோஹோஸ் என்று ஒன்று, பெருஞ்சீரக இலை, இப்படி ஒரு பாட்டி பத்துப் பதினைந்து வகையைப் பார்த்தவுடன் பிரித்துவிடுவார். வேகவைத்து, ஆலிவ் எண்ணெயும் எலுமிச்சையும் பிழிந்தால் சாப்பாடு தயார்.

கோடையில் சந்தையில் வ்லீதா என்று கட்டுக்கட்டாக விற்பது நம் முளைக்கீரை, குப்பைக்கீரை இனமேதான். நானும் தெரியாமல் முதல் இரண்டு வருஷம் கீரைக்கு ஏங்கிக்கொண்டிருந்தேன். கிளிஸ்திரிதா என்றால் பருப்புக்கீரை, இங்கே பச்சையாகவே தயிரிலும் சாலட்டிலும் போடுகிறார்கள். இந்த இரண்டையும் கற்றுக்கொண்டால் இங்கே வந்து குடியிருக்கிற தமிழ்க் குடும்பத்துக்குப் பொரியல், கூட்டு கவலை தீர்ந்தது. நீங்களாக மலையில் எதையும் பிடுங்கிச் சாப்பிடாதீர்கள், ஹெம்லாக் விஷச்செடியின் இலை பெருஞ்சீரகக் குடும்பத்து இலைகளோடு குழம்பும்.

புத்தாண்டுக்கு வாசல்ல பெரிய வெங்காயம் மாதிரி ஒண்ணு தொங்கவிட்டிருந்தாங்க, அது என்ன?

கடல் வெங்காயம். நம் நரிவெங்காயத்தின் அக்கா தங்கை என்று சொல்லலாம், இதுவும் விஷம். ஆகஸ்ட் கடைசியில் எல்லாம் காய்ந்து கிடக்கும் மலையில், ஒரு மொட்டைக் கம்பு மட்டும் ஆள் இடுப்புயரத்துக்குக் கிளம்பி வெள்ளையாகப் பூக்கும், இலை கிடையாது. இலை மழைக்குப் பிறகுதான். மண்ணை விட்டுப் பிடுங்கினாலும் கிழங்கில் இருக்கும் சேமிப்பை வைத்துத் துளிர்விடும், அதனால்தான் புது வருஷத்தில் வீடும் இதுபோல உயிரோடு இருக்கட்டும் என்று வாசலில் கட்டுகிறார்கள். போன வருஷம் நானும் ஒன்று கட்டினேன், மார்ச் வரை பச்சையாகவே இருந்தது.

ஒவ்வொரு வருஷமும் காடு எரியுது. எரிஞ்ச இடத்துல உடனே மரம் நட்டா என்ன?

எல்லாரும் நல்ல மனதோடு கேட்கிற கேள்வி, ஆனால் பதில் பெரும்பாலும் "கொஞ்சம் பொறுங்கள்" என்பதுதான். தாழ்ந்த மலைகளில் இருக்கும் அலெப்போ பைன் தீயை எதிர்பார்த்தே வாழ்கிற மரம். அதன் காய்களில் ஒரு பகுதி பிசினால் மூடியே இருக்கும், தீச் சூட்டில் பிசின் உருகித் திறந்து சாம்பலில் விதை கொட்டும். அடுத்த மழைக்கே கன்றுகள் வந்துவிடும். பூர்னாரி ஓக் கருகிய அடியிலிருந்து ஒரே மாதத்தில் துளிர்க்கும், சிஸ்டஸ் விதை சூடு பட்டால்தான் நன்றாக முளைக்கும். அங்கே போய்க் குழி தோண்டினால் முளைத்ததை நாமே மிதித்து நாசம் பண்ணுவோம். முதல் குளிர்காலத்தில் செய்ய வேண்டியது, கருகிய தண்டுகளைச் சரிவுக்குக் குறுக்கே போட்டு மண் அரிக்காமல் தடுப்பது.

ஆபத்து இரண்டாவது தீயில் இருக்கிறது. பைன் கன்று போதிய விதை வைக்கப் பதினைந்து வருஷமாவது வேண்டும். அதற்குள் மறுபடி எரிந்தால் விதையே இல்லாமல் அந்த மலை புதர்க்காடாகிவிடும், அங்கே நட்டுத்தான் ஆக வேண்டும். உயரமான மலைகளில் இருக்கும் கிரேக்க ஃபர் மரத்துக்குத் தீயோடு பழக்கமே கிடையாது. ஏதென்ஸுக்கு மேலே பர்னிதா மலையில் 2007இல் எரிந்த ஃபர் காடு தானாகத் திரும்பி வரவில்லை, நட்டு வளர்க்கப் பார்க்கிறார்கள், மெதுவாகத்தான் நடக்கிறது. எரிந்த காட்டை வீட்டு மனையாக்க முடியாதபடி, அது மறுபடி காடாகவே ஆக வேண்டும் என்று 1975ஆம் வருஷத்து அரசியல் சட்டமே சொல்கிறது. நல்ல சட்டம், இன்னும் கண்டிப்பாக நிறைவேற்றலாம் என்பது என் ஆதங்கம்.

ஊர் நடுவுல இருக்கிற பெரிய மரம் காய்ஞ்சு நிக்குதே, தண்ணி ஊத்தலையா?

அது பிளாட்டானோஸ், நம் ஊர் அரசமரத்தடி மாதிரி இங்கே எல்லாக் கிராமத்துக்கும் இந்த மரத்தடி ஒன்று இருக்கும். ஊற்றுத் தண்ணீர் எங்கேயோ அங்கே வளரும். காய்வது வறட்சியால் இல்லை, வட அமெரிக்காவிலிருந்து வந்த ஒரு பூஞ்சை நோய். 2003இல் தெற்கே மெசினியாவில் முதலில் பார்த்தார்கள், அப்புறம் பரவிக்கொண்டே போகிறது. வெட்டும் ரம்பத்தில் ஒட்டி அடுத்த மரத்துக்குப் போகும், மண்ணுக்கடியில் வேரும் வேரும் ஒட்டியிருந்தால் அதன் வழியாகவும் போகும். பிடித்த மரத்துக்கு மருந்து இல்லை. நூற்றுக்கணக்கான வருஷத்து மரம் இரண்டு மூன்று கோடையில் போய்விடுகிறது. பெலொப்பொனீஸில் ஒரு கிராமத்தில் அப்படி வெட்டிய மரத்தின் அடிக்கட்டை மேல் காபிக் கடைக்காரர் தினமும் பூத்தொட்டி வைப்பதைப் பார்த்திருக்கிறேன்.

ஆலிவ் மரம் கிரீஸோட சொந்த மரமா, வெளியில இருந்து வந்ததா? ஆளுக்கு ஒண்ணு சொல்றாங்களே.

இரண்டு பேர் சொல்வதும் சரி. காட்டு ஆலிவ் இங்கே மனிதன் பயிரிடும் முன்பே இருந்தது, சாண்டொரினியின் எரிமலைச் சாம்பலில் பல பத்தாயிரம் வருஷத்துக்கு முந்தைய ஆலிவ் இலையின் அச்சு கிடைத்திருக்கிறது. ஆனால் பெரிய காய், நிறைய எண்ணெய் என்று பொறுக்கி வளர்த்த வீட்டு ஆலிவ் முதலில் உருவானது கடலின் கிழக்குக் கரையில், சுமார் 6,000 வருஷத்துக்கு முன்பு, என்றுதான் ஆய்வாளர்கள் பெரும்பாலோர் நினைக்கிறார்கள். அது மேற்கே வந்து, இங்கிருந்த காட்டு மரத்தோடு கலந்து, காட்டு மரத்தின் மேல் ஒட்டுப் போடப்பட்டது. கிரீட்டில் வூவெஸ் கிராமத்து மரம் குறைந்தது 2,000 வயது, இன்னும் காய்க்கிறது. 2004 ஏதென்ஸ் ஒலிம்பிக் போட்டிக்கு அதிலிருந்து கிளை வெட்டி மகுடம் செய்தார்கள். அதன் நடுத்தண்டு பொக்கையாகிவிட்டது, வயதைச் சரியாக எண்ண வளையமே மிச்சமில்லை. அதற்குச் சிலர் சொல்லும் 3,000, 4,000 வயதெல்லாம் இதனால்தான் நம்பும்படி இல்லை.

ஒரு கன்று, ஒரு கிளையாவது ஊருக்கு எடுத்துட்டுப் போய் வளர்க்கலாமா?

கிளை, கன்று, மண் ஒட்டிய எதுவும் வேண்டாம். இந்தியாவுக்குள் உயிர்ச்செடி கொண்டுபோக முன் அனுமதியும் நோயில்லை என்ற சான்றும் தேவை. பிளாட்டானோஸ் கதையை மேலே படித்தீர்கள். இத்தாலியின் புலியாவில் 2013இல் கண்டுபிடித்த சைலெல்லா என்ற பாக்டீரியா லட்சக்கணக்கான ஆலிவ் மரங்களைக் கருக்கிவிட்டது, ஒரு தொட்டிச் செடியில்கூட அது பயணம் செய்யும். மலையிலிருந்து பிடுங்குவதும் வேண்டாம், பாதுகாக்கப்பட்ட இனங்களின் பட்டியல் 1981இலிருந்தே சட்டமாக இருக்கிறது.

ஆசையைத் தீர்க்க வேறு வழி உண்டு. ரோஸ்மேரி, தைம் இரண்டும் நீலகிரியில் பயிராகவே வளர்கின்றன, ஊட்டி நர்சரியில் வாங்கிக்கொள்ளுங்கள். சமவெளியில் வைத்தால் மணல் கலந்த மண், ஓட்டை பெரிதான மண்தொட்டி, தண்ணீரைக் குறைவாகவே விடுங்கள். இவை சாவது தாகத்தால் இல்லை, நம் அன்பால், அதுவும் சூடும் ஈரமும் சேர்ந்த மழைக்காலத்தில். ஆலிவ் சென்னையில் இலையாக வளரும், ஆனால் பூக்க அதற்குச் சில வாரம் குளிர் வேண்டும், காய் எதிர்பார்க்காதீர்கள்.

இதையெல்லாம் பார்க்கணும்னா எந்த மாசம் வரட்டும்?

ஏப்ரல் இரண்டாவது வாரம். நெராஞ்சிப் பூ வாசனை தெருவில், பாப்பியும் காட்டு ஆர்கிட்களும் மலையில், சிஸ்டஸ் கசங்கின டிஷ்யூ பேப்பர் மாதிரி இதழோடு மதியத்துக்குள் உதிரும். காலை ஏழு மணிக்கு வந்துவிடுங்கள். அக்டோபர் கடைசி இரண்டாவது நல்ல நேரம், முதல் மழைக்குப் பிறகு காட்டுக் குங்குமப்பூவும் சைக்ளமனும் காய்ந்து கிடந்த மண்ணிலிருந்து பூத்து வரும். ஆகஸ்டில்தான் லீவு கிடைக்கும் என்றால் அதற்கும் வாருங்கள், அந்த மொட்டைக் கம்பில் பூத்திருக்கும் கடல் வெங்காயத்தை நான் காட்டுகிறேன். ஷூ போட்டு வாருங்கள், அஃபானா முள் செருப்பைத் துளைத்துவிடும்.